தோட்டத்துத் தபால்: காயாம்பூவை இலையில் தேடுங்கள்

பங்குனியில் வந்த போன இதழில் மல்லிகைக்கு உரம் கேட்ட வாசகருக்குப் பதில் எழுதி முடித்துவிட்டு, கீழே சும்மா ஒரு வரி சேர்த்திருந்தேன்: ‘எங்கள் வாசல் காயா இந்த வாரம் பூத்திருக்கிறது.’ மல்லிகைக்கு வந்த கடிதங்களைவிட அந்த ஒரு வரிக்கு வந்தவை அதிகம். ஆகவே ரோஜாக்காரர்களும் மல்லிகைக்காரர்களும் இந்த மாதம் பொறுத்துக்கொள்ள வேண்டும். முழுக்கக் காயாதான்.

இந்தப் பகுதியைப் புதிதாகப் படிப்பவர்களுக்கு: இருபத்தாறு வருடம் பள்ளியில் தாவரவியல் சொல்லிக்கொடுத்துவிட்டு, இப்போது திண்டிவனத்துக்கும் புதுச்சேரிக்கும் நடுவே ஒரு கிராமத்தில் நாட்டுச் செடிகளுக்கென்று சிறிய நாற்றங்கால் வைத்திருக்கிறேன். கன்றுகளைத் தபாலில் அனுப்புவதில்லை. அதைக் கேட்டு எழுத வேண்டாம்.

*

கேள்வி: என் அம்மாவுக்கு 84 வயது. தினமும் விளக்கேற்றும்போது ‘காயாம்பூ வண்ணா’ என்றுதான் பெருமாளைக் கூப்பிடுவார். ஆனால் அந்தப் பூவைப் பார்த்ததே இல்லை. போன வருடம் ஒரு நர்சரியில் ‘காயாம்பூ’ என்று சீட்டுக் கட்டியிருந்த செடியை 180 ரூபாய்க்கு வாங்கிவந்தேன். மூன்றே மாதத்தில் பூத்துவிட்டது. அம்மா ஒரு நிமிடம் பார்த்துவிட்டு, “பெருமாள் இவ்வளவு வெளிறிப்போயா இருப்பார்?” என்று கேட்டுவிட்டார். படம் இணைத்திருக்கிறேன். இது காயாதானா?
(வாசகி, கும்பகோணம்)

பதில்: அம்மாவின் கண் சரியான கண். அது காயா அல்ல, நீலச் சித்திரமூலம். தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்து நம் பூங்காக்களில் வேலியோரமாக நிற்கும் செடி. படத்திலேயே தெரிகிறது: ஐந்து இதழ்கள், அவற்றுக்கு அடியில் ஓர் அங்குலத்துக்கு மேல் நீண்ட ஒல்லியான குழல். பூவின் அடிப்பகுதியைத் தொட்டுப் பாருங்கள், பிசுபிசுவென்று விரலில் ஒட்டும். சிறுமிகள் காது மடலில் கம்மலாக ஒட்டிக்கொண்டு விளையாடுவது இந்தப் பூவைத்தான். நல்ல செடி, பிடுங்கி எறிந்துவிடாதீர்கள். சீட்டை மட்டும் அவிழ்த்துவிடுங்கள்.

படம் இல்லாமலே நான் சொல்லியிருப்பேன். ‘மூன்றே மாதத்தில் பூத்துவிட்டது’ என்று எழுதியிருக்கிறீர்களே, அது போதும். காயா மூன்று மாதத்தில் இரண்டு ஜோடி இலை விட்டால் அன்றைக்கு எங்கள் வீட்டில் பாயசம் வைப்போம்.

உண்மையான காயாப் பூ தனியாகப் பார்த்தால் மூக்குத்தி அளவுதான் இருக்கும். நாலே இதழ். நடுவில் எட்டு மகரந்தத் தாள்கள், அவையும் நீலம். இதழ்களைத் தாங்கும் கிண்ணம் லேசான ரோஜா நிறம். ஒற்றைப் பூவைக் கிள்ளிக் கையில் வைத்துப் பார்த்தால், இதற்கா இத்தனை பாட்டு என்றுதான் தோன்றும். ஆனால் அது ஒற்றையாக வருவதில்லை. இலை உதிர்ந்து வெறுமையாகிவிட்ட பழைய குச்சிகளில், கணுவுக்குக் கணு, குச்சியே தெரியாதபடி மொய்த்துக்கொண்டு வரும். மேலே கரும்பச்சை இலைக் குடை, அதற்குக் கீழே நீலம் சுற்றிய குச்சிகள். விடிந்தும் விடியாத நேரத்தில் பார்த்தால் மைக்கூட்டின் கருநீலம். பத்து மணி வெயிலில் அதே பூவில் ஊதா ஏறிவிடும். மறுநாளே உதிரத் தொடங்கிவிடும். செடிக்கடியில் யாரோ நீலக் கோலப்பொடியைக் கைதவறிக் கொட்டிவிட்டதுபோல் கிடக்கும்.

எங்கள் வாசலில் இந்தக் கூத்தெல்லாம் ஒரு தடவைக்குப் பத்து நாள். வருடத்தில் இரண்டு மூன்று தடவை. மற்ற நாளெல்லாம் காயா ஒரு சாதாரணப் பச்சைப் புதர். அதனால்தான் பூவை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டு செடி வாங்கப் போகிறவர்கள் ஏமாறுகிறார்கள். வருடம் முழுவதும் கூடவே இருப்பது இலைதானே, அதைக் கேளுங்கள்.

இலைகள் எதிரெதிராக ஜோடி ஜோடியாக இருக்கும். இரண்டு மூன்று அங்குல நீளம். காம்பு இருக்கிறதா இல்லையா என்று சந்தேகம் வரும் அளவுக்குக் குட்டை. மடக்கினால் மெல்லிய தோலை மடக்குவதுபோல் இருக்கும். மேல்புறம் எண்ணெய் தடவியதுபோன்ற பளபளப்பு. முக்கியமானது இதுதான்: நடுநரம்பு ஒன்று மட்டும் தெளிவாகத் தெரியும். பக்க நரம்புகளைத் தேடினாலும் கண்ணில் படாது.

இதையும் சொல்லிவிடுகிறேன். உங்களிடம் அடுத்ததாக ‘இதுதான் அசல்’ என்று மெலஸ்டோமாவைக் காட்டக்கூடும். அது காயாவின் குடும்பத்தைச் சேர்ந்த செடிதான், நம் மலைகளிலும் உண்டு, பூவும் ஊதாதான். ஆனால் பெரிய பூ, ஐந்து இதழ். இலை சொரசொரப்பாக இருக்கும். அடியிலிருந்து நுனிவரை மூன்று நரம்புகளாவது வரிசையாக ஓடும். ஒற்றை நரம்பு என்றால் காயா, பல நரம்பு என்றால் பங்காளி. கடையில் கேட்கும்போது காயாவின் தாவரவியல் பெயரைச் சொல்லி, மெமிசைலான் அம்பெல்லாட்டம் என்று கேளுங்கள். 1768ஆம் ஆண்டு தாவரவியலாளர் பர்மன் வைத்த பெயர். சில இடங்களில் இதற்கே ‘மெமிசைலான் எடுலே’ என்று சீட்டு இருக்கும். நம் பக்கத்துக் கிராமங்களில் கேட்பதானால் ‘காசா’ என்றால் தெரியும்.

*

கேள்வி: காயாக் கன்று ஒன்று, நாவல் கன்று ஒன்று, இரண்டும் ஒரு சாண் உயரத்தில் வாங்கினேன். பைகளின் சீட்டு மழையில் அழிந்துவிட்டது. இரண்டும் எதிரெதிர் இலை, இரண்டும் பளபளப்பு. எது எது?
(வாசகர், கடலூர்)

பதில்: ஒவ்வொன்றிலும் ஓர் இலையைக் கிள்ளிக் கசக்கி முகருங்கள். நாவல் இலையில் மாவிலையும் கொய்யா இலையும் கலந்ததுபோன்ற வாசனை வரும். காயாவில் வெறும் பச்சை வாடைதான். சளி பிடித்திருந்தால் இலையை வெயிலுக்கு நேரே தூக்கிப் பாருங்கள். நாவலில் ஊசியால் குத்தியதுபோல் ஒளிப் புள்ளிகள் தெரியும், அவை எண்ணெய்ச் சுரப்பிகள். விளிம்பை ஒட்டி ஒரு நரம்பு தையல்போல் ஓடும். காயாவில் புள்ளி கிடையாது.

இன்னும் ஒரு சோதனை உண்டு, ஆனால் நாலைந்து நாள் பொறுக்க வேண்டும். இரண்டு இலைகளையும் செய்தித்தாளுக்குள் வைத்து உலர்த்துங்கள். நாவல் இலை பழுப்பாகும். காயா இலை ஒருவித மஞ்சள் ஏறி உலரும். காயா மண்ணிலிருந்து அலுமினியத்தை உறிஞ்சி இலையில் சேர்த்துவைக்கும் செடி. இதை நம் சாயக்காரர்கள் வேதியியல் படிக்காமலே அறிந்திருந்தார்கள். சோழமண்டலக் கரையில் சாயவேரைக் கொண்டு பருத்தித் துணிக்குச் சிவப்பு ஏற்றியபோது, சாயத் தொட்டியில் காசா இலையையும் சேர்த்தார்கள். சாயத்தைத் துணியில் பிடிக்கவைக்கப் படிகாரம் செய்கிற வேலையில் ஒரு பங்கை இந்த இலை செய்தது. உலகமெல்லாம் கப்பலேறிப் போன அந்தச் சிவப்பில் நம் புதர்க்காட்டு இலைக்கும் ஒரு பங்கு உண்டு.

*

கேள்வி: உறவினர் தோட்டத்திலிருந்து ஐம்பது காயா விதைகள் கொண்டுவந்தேன். நன்றாக வெயிலில் காயவைத்து, சாம்பல் கலந்து, டப்பாவில் போட்டு, ஆடிப்பட்டத்துக்கு விதைத்தேன். மூன்று மாதம் ஆகியும் ஒன்றுகூட முளைக்கவில்லை. என்ன குறை?
(வாசகர், திருவண்ணாமலை)

பதில்: குறை ஒன்றும் இல்லை. அவரை விதைக்குச் செய்யவேண்டிய எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்திருக்கிறீர்கள். காயா விதைக்கு அதுவே எமன்.

நானும் இதே தவறைச் செய்தவள். பள்ளியில் இருந்த நாட்களில், விதை உறக்கம் என்று கரும்பலகையில் படம் போட்டு நடத்தியவள், முதன்முதலாகக் கிடைத்த ஒரு படி காயாப் பழத்தைப் பிசைந்து, கழுவி, முறத்தில் பரப்பி, மொட்டைமாடியில் நாலு நாள் காயவைத்தேன். ஓவல் டின்னில் போட்டுத் தேதியும் எழுதிவைத்தேன். பெருமை வேறு. ஒரு மாதம் கழித்து நூற்றிருபது விதை ஊன்றினேன். ஒன்றும் வரவில்லை. ஒரு விதையை நகத்தால் உடைத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது: உள்ளே இருக்க வேண்டிய பச்சைப் பருப்பு சுருங்கி, பழைய புளியங்கொட்டைத் தோல்போல் கிடந்தது. காயா விதைக்கு உறக்கம் கிடையாது. விழித்துக்கொண்டே பிறக்கிறது. ஈரம் போனால் உயிரும் போயிற்று. பலாவும் நாவலும் இந்தச் சாதிதான்.

மறு வருடம் எங்கள் தோட்டத்தில் வேலை செய்யும் அம்மா ஒரு வழி காட்டினார். அவர் கரிச்சட்டியில் மணலை ஈரமாக்கி வைத்துக்கொண்டார். பழம் பறித்த கையோடு, பழத்தைச் சாக்கில் தேய்த்துத் தோலையும் சதையையும் நீக்கினார். ஒரு பழத்துக்கு ஒரே விதை, கொத்துமல்லியைவிடக் கொஞ்சம் பெரியது. கழுவினார், நிழலில் ஈரம் சொட்டுவது நிற்கும்வரை மட்டும் வைத்தார். அன்று மாலையே மணலில் அரை அங்குல ஆழத்தில் ஊன்றிவிட்டார். மேலே ஈரச் சாக்கு, தென்னை ஓலை நிழல். நாற்பது விதையில் முதல் முளை இருபத்தாறாம் நாள் வந்தது. கடைசியில் இருபத்தேழு கன்று தேறின. நான் படித்த தாவரவியல் அன்றைக்குத் திண்ணையில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தது.

நீங்கள் கவனிக்க வேண்டியது பழத்தின் நிறம். பச்சை, பிறகு இளஞ்சிவப்பு, பிறகு ஊதாக் கருப்பு. முழுக்கக் கறுத்த பிறகுதான் பறிக்க வேண்டும். ஆனால் கறுத்த அன்று நீங்கள் ஊரில் இல்லாவிட்டால் கொண்டைக்குருவிகள் உங்கள் வேலையை முடித்துவைத்திருக்கும். பழத்தின் தலையில் சின்னக் கிரீடம்போல் பூவின் கிண்ணம் ஒட்டிக்கொண்டிருக்கும், அதுவும் ஓர் அடையாளம். விதையை வேறு ஊருக்குக் கொண்டுபோக வேண்டுமானால் பழத்தோடு, ஈரத்துணியில் சுற்றி, ஒரு வாரத்துக்குள் மண்ணில் சேர்த்துவிடுங்கள்.

பெயரைப் பாருங்கள், ‘காயா’. கொத்துக் கொத்தாய்க் காய்க்கிற செடிக்கு இப்படியொரு பெயரை யார் வைத்தார்களோ. ஒருவேளை ‘காயவைக்காதே’ என்றுதான் சொல்லிவிட்டுப் போனார்களோ என்று நான் வகுப்பில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. வேடிக்கைதான், தமிழாசிரியர்கள் சண்டைக்கு வர வேண்டாம்.

*

கேள்வி: முல்லைப்பாட்டில் காயா கார்காலத்தில் பூப்பதாக வருகிறது. நீங்கள் பங்குனியில் பூத்ததாக எழுதுகிறீர்கள். யார் சொல்வது சரி?
(தமிழாசிரியர், மதுரை)

பதில்: வந்தேவிட்டார்! ஐயா, இரண்டும் சரி.

‘செறியிலைக் காயா அஞ்சனம் மலர’ என்கிறார் நப்பூதனார். நாலே சொல்லில் ஒரு செடியை அடையாளம் காட்டிவிட்டார். செறிந்த இலை, மை நிறப் பூ. நான் மேலே ஒரு பக்கத்துக்கு எழுதியதை அவர் ஓர் அடியில் முடித்துவிட்டார் என்பதில் எனக்குக் கொஞ்சம் வருத்தம்கூட உண்டு. அது தலைவன் திரும்பிவரும் கார்காலக் காடு என்பதில் சந்தேகம் இல்லை.

எங்கள் தோட்டத்தில் இதன் கணக்கு மாதக் கணக்கு அல்ல, மழைக் கணக்கு. வறண்டு கிடக்கும் நாட்களில் பழைய கணுக்களில் கடுகுபோல் மொட்டுகள் திரண்டு, அப்படியே காத்துக்கிடக்கின்றன. ஒரு நல்ல மழை விழுந்தால் எட்டு பத்து நாளில் எல்லாம் ஒன்றாகத் திறக்கின்றன. பங்குனியில் கோடைமழை பெய்தால் பங்குனியில் பூக்கும். ஆவணியில் பெய்தால் ஆவணியில் பூக்கும். குறுந்தொகையின் 66ஆம் பாட்டில், கார் வந்துவிட்டதே, அவர் வரவில்லையே என்று கலங்கும் தலைவியிடம் தோழி என்ன சொல்கிறாள்? கொன்றை மரங்கள் மடமையுடையவை, காலமல்லாத காலத்தில் பெய்த வம்பமழையைக் கார் என்று நினைத்துப் பூத்துவிட்டன என்கிறாள். எங்கள் வாசல் காயாவும் அந்தக் கொன்றையின் கட்சி. வம்பமழைக்கும் பூக்கும், வராத தலைவனுக்கும் பூக்கும்.

இதனால் வளர்ப்பவர்களுக்கு ஒரு வசதி. நன்றாக வளர்ந்த செடியைப் பூக்கவைக்க வேண்டுமானால், கோடையில் மூன்று வாரம் தண்ணீரைக் குறைத்துவிட்டு, பிறகு ஒருநாள் வேர் முழுக்க நனையும்படி ஊற்றிப் பாருங்கள். எனக்கு மூன்று தடவைக்கு இரண்டு தடவை பலித்திருக்கிறது.

*

கேள்வி: புத்துப்பட்டு ஐயனார் கோயில் காட்டில் காயா நிறைய இருப்பதாகக் கேள்விப்பட்டேன். அங்கே அடியில் முளைத்திருக்கும் சின்னக் கன்றுகளில் இரண்டை எடுத்துவரலாமா? எப்படியும் நிழலில் சாகப்போகிறவைதானே.
(வாசகர், சென்னை)

பதில்: கூடாது.

நிறைய இருக்கிறது என்பது உண்மைதான். அந்தக் காட்டில் எங்கு திரும்பினாலும் காயாதான். சோழமண்டலக் கரையோரமாக மிஞ்சியிருக்கும் உலர் பசுமைமாறாக் காட்டுத் துண்டுகளில் அது ஒன்று. பண்ணைகளும் முந்திரியும் சூழ்ந்த பிறகும் அது நிற்பதற்குக் காரணம், அந்த மரங்கள் ஐயனாருடையவை என்று ஊர்க்காரர்கள் நம்புவது. சுள்ளிகூட எடுக்கக் கை நடுங்கும் இடத்தில் நீங்கள் மண்வெட்டியோடு போய் நிற்கப்போகிறீர்களா? காப்புக்காடாக இருந்தால் சட்டமே தடுக்கும், ஐயனார் வரை போக வேண்டாம்.

சாமியை விடுங்கள், செடியின் கணக்கையே பாருங்கள். அரை அடி உயரக் காயாக் கன்றுக்கு வயது மூன்று நான்கு இருக்கும். ஆணிவேர் அதைப்போல் இரண்டு மடங்கு கீழே போயிருக்கும். தோண்டும்போது அது அறுந்துவிடும். கன்று இரண்டு மாதம் பச்சையாகவே நின்று உங்களை நம்பவைக்கும். அதன் இலை அவ்வளவு தடிப்பு, செத்த செய்தி மேலே தெரிய நாளாகும். பிறகு ஒரு நாள் மொத்தமாகக் கொட்டிவிடும். நிழலில் அது சாகப்போவதும் இல்லை. மேலே ஒரு கிளை முறிந்து வெயில் இறங்கும்வரை வருடக்கணக்கில் அப்படியே காத்துக்கொண்டிருக்கும்.

*

கேள்வி: அடுக்குமாடிக் குடியிருப்பு. தெற்குப் பார்த்த பால்கனி. தொட்டியில் காயா வளருமா?
(வாசகி, வேளச்சேரி)

பதில்: வளரும். அவசரக்காரர்கள் வளர்க்க முடியாது, அவ்வளவுதான். முதலிலேயே ஒன்றரை அடி ஆழமுள்ள தொட்டி எடுத்துவிடுங்கள். வருடா வருடம் தொட்டி மாற்றினால் வேர் கோபித்துக்கொள்ளும். செம்மண் இரண்டு பங்கு, ஆற்று மணல் அல்லது எம்-சாண்ட் ஒரு பங்கு, மட்கிய இலை உரம் ஒரு பங்கு. அடியில் தண்ணீர் தேங்கவே கூடாது. முதல் வருடம் காலை வெயில் மட்டும் போதும், பிறகு முழு வெயிலுக்குக் கொண்டுபோகலாம். மேல்மண் விரல் நுழையும் ஆழத்துக்குக் காய்ந்த பிறகு தண்ணீர் விடுங்கள். கடற்காற்று இதற்குப் பழக்கம்தான், மரக்காணம் பக்கமெல்லாம் நிற்கிறதே. யூரியா, டிஏபி எதுவும் காட்ட வேண்டாம். காட்டினால் இலைதான் வரும்.

என் வாசல் செடி விதையிலிருந்து வந்தது. மூன்றாம் வருடம் முழங்கால் உயரம், ஆறாம் வருடம் முதல் பூ. அதுவும் ஒரே குச்சியில் ஒரு கொத்து. பக்கத்து வீட்டாரை எல்லாம் கூப்பிட்டுக் காட்டினேன். வந்து பார்த்துவிட்டு, “எங்கே?” என்றார்கள்.

*

கேள்வி: ஒன்பது வயதுச் செடி, ஆரோக்கியமாக இருக்கிறது. இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை பந்துபோல் அழகாகக் கத்தரித்துவிடுகிறேன். ஆனால் பூக்கவே இல்லை.
(வாசகர், கோயம்புத்தூர்)

பதில்: கத்தரிக்கோலை ஒளித்துவையுங்கள். பூ வருவது பழைய குச்சியில். அதைப் பழையதாக நீங்கள் விடுவதே இல்லை.

*

கேள்வி: காயாப் பழத்தைச் சாப்பிடலாமா? என் பேரன் நாலைந்து தின்றுவிட்டான், பயமாக இருக்கிறது.
(வாசகி, விழுப்புரம்)

பதில்: உங்கள் செடி காயாதான் என்பது உறுதியானால் பயப்பட வேண்டாம். மேலே சொன்ன ஒற்றை நரம்பையும், பழத்தின் தலையிலுள்ள கிரீடத்தையும் ஒரு தடவை பார்த்துவிடுங்கள். இந்தப் பக்கத்துப் பிள்ளைகள் ஆடு மேய்க்கும்போது தின்றுகொண்டே திரிவது இந்தப் பழத்தைத்தான். முழுக்கக் கறுத்ததில் கொஞ்சம் இனிப்பு இருக்கும், சிவப்பில் துவர்ப்பு நாக்கைப் பிடித்து இழுக்கும். பேரன் எதைத் தின்றான் என்பது அவன் முகத்தைப் பார்த்தாலே தெரிந்திருக்குமே. துப்பிய கொட்டைகள் கிடந்தால் பொறுக்கி இன்றைக்கே மண்ணில் ஊன்றுங்கள்.